மீன் வருவதற்கு முந்தி

முள்ளியவளை

அன்புள்ள மகளுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. இங்கே எல்லோரும் சுகம். சோளகம் இன்னும் ஓயவில்லை, முற்றத்தை எத்தனை தரம் கூட்டினாலும் புழுதிதான்.

நீ மன்னாரில் அந்தச் சின்ன நூதனசாலை அறையைப் பொறுப்பெடுத்ததில் எங்களுக்கு இருக்கும் சந்தோசத்தை எழுத்தில் சொல்லி முடியாது. போன கிழமை கதைக்கும்போது இரண்டு கேள்வி கேட்டாய். அலுமாரியில் இருக்கிற பழைய போத்தல் மீன்கள் ஏன் வயிறு வெடித்தும் பழுப்பேறியும் கிடக்கின்றன என்பது ஒன்று. அழிந்துபோனதாக நம்பப்பட்ட சீலகாந்த் மீனை உலகத்துக்குக் காட்டிய மார்ஜரி கோர்ட்னி-லற்றிமர் விஞ்ஞானியா, நூதனசாலைப் பணிப்பாளரா என்பது மற்றது. இரண்டுக்கும் மறுமொழி ஒரே இடத்தில்தான் இருக்கிறது. ரெலிபோனில் சொன்னால் அளவுகள் தவறிப்போகும் என்பதால் எழுதுகிறேன். (சீலகாந்துக்கும் எங்கட சீலா மீனுக்கும் ஒரு சொந்தமும் இல்லை. பாடசாலைப் பிள்ளைகள் கட்டாயம் கேட்பார்கள், முதலே சொல்லிவிடு.)

மார்ஜரி 1907 பெப்ரவரி 24 அன்று பிறந்தவர். ஊர், தென்னாபிரிக்காவின் ஈஸ்ட் லண்டன் என்ற துறைமுகப் பட்டினம். தகப்பனுக்கு றெயில்வேயில் வேலை. குறைமாதப் பிள்ளை, அடிக்கடி வருத்தம் வரும் உடம்பு. பறவையிலும் பூவிலும் சிறு வயதிலிருந்தே உயிர். பல்கலைக்கழகப் படி மிதிக்கவில்லை. தாதிப் பயிற்சிக்குப் போயிருந்த நேரத்தில், 1931இல், ஊரில் புதிதாகத் தொடங்கிய நூதனசாலைக்குக் காப்பாளர் தேடினார்கள். 24 வயதில் அந்த வேலை கிடைத்தது. தொடக்கத்தில் மாதச் சம்பளம் 2 பவுண்.

அவர் கையில் கிடைத்த நூதனசாலையை நினைத்துப் பார். வண்டரித்த ஆறு பறவைகள், ஆறு காலுள்ள பன்றிக்குட்டி ஒன்று போத்தலில், சில படங்கள், கற்கருவி என்று சொல்லப்பட்ட கற்கள் ஒரு பெட்டி. அவ்வளவுதான். வண்டரித்தவற்றை அவர் வைத்திருக்கவில்லை, அகற்றிவிட்டார். அதை நான் பெரிய முடிவாகவே மதிக்கிறேன். உன் அறையிலும் பாடம் பண்ணிய கொக்கு ஒன்று இருக்கிறது என்றாய். அதன் கீழே மெல்லிய தூளும், மயிர் முளைத்த மாதிரிச் சின்னப் புழுக் கூடுகளும் கிடந்தால் தோல்வண்டு பிடித்துவிட்டது. அந்தப் புழு தோலையும் இறகையும் தின்னும். பூச்சி உருண்டை மணம் அதைக் கொல்லும் என்று நம்பாதே. உடனே தடித்த பொலித்தீன் பையில் காற்றுப் போகாமல் கட்டி, ஆழ்குளிரில், மறை 20 பாகை செல்சியஸில், இரண்டு கிழமை வை. எடுத்தவுடன் பையைத் திறக்காதே. அறை வெப்பத்துக்கு வரும்வரை ஒரு நாள் விடு. இல்லாவிட்டால் எங்கட காற்றின் ஈரம் குளிர்ந்த இறகில் படிந்து பூஞ்சணம் பிடிக்கும். இறகு கையோடு வருகிற அளவுக்குப் போயிருந்தால், குறிப்பை எழுதி வைத்துவிட்டு அகற்று. ஒன்றில் இரக்கப்பட்டால் அறை முழுக்கப் பரவும்.

மார்ஜரி கதிரையில் இருந்து நூதனசாலை நடத்தவில்லை. 1935இல் ராக்கஸ்ராட் பக்கத்தில் கன்னமேயேரியா என்ற, எப்போதோ அழிந்துபோன விலங்கின் என்புக்கூட்டை ஒரு நண்பரோடு தோண்டி எடுத்தார். 1936இல் பேர்ட் ஐலண்ட் என்ற பறவைத் தீவில் தங்கிப் பறவையும் முட்டையும் பாசியும் சேர்த்தார். அங்கே சேர்த்த பெட்டிகளை ஊருக்குக் கொண்டு போக உதவியவர் இழுவைப் படகுக் கப்டன் ஹென்றிக் கூசன். அந்தப் பழக்கத்தில்தான், வலையில் விசித்திரமாக ஏதும் பட்டால் எறியாமல் ஒதுக்கி வைத்து அவருக்கு அறிவிக்கும் வழக்கம் ஏற்பட்டது. இதை நீ இரண்டு தரம் வாசி. 1938இல் வந்த மீனை எல்லோரும் அதிர்ஷ்டம் என்கிறார்கள். அந்த மீனுக்கான வேலை இரண்டு வருசத்துக்கு முதலே தொடங்கிவிட்டது.

1938 டிசம்பர் 22. அங்கே டிசம்பர் கோடை காலம். நூதனசாலையில் ராக்கஸ்ராட்டில் எடுத்த அந்த என்புகளைப் பொருத்திக்கொண்டிருந்தவருக்குத் துறைமுகத்திலிருந்து அழைப்பு வந்தது. கூசனின் 'நெரின்' படகு வந்துவிட்டது, மீன் குவியல் இருக்கிறது, வந்து பாருங்கள் என்று. வேலை தலைக்கு மேல். ஆனாலும் நத்தார் வாழ்த்தாவது சொல்லிவிட்டு வருவோம் என்று உதவியாளரோடு ரக்சி பிடித்துப் போனார். குவியலில் பெரும்பாலும் சுறாக்கள். அடியில் ஒரு நீலச் செட்டை தெரிந்தது. மேலே கிடந்தவற்றை ஒதுக்கினால் ஐந்தடி நீள மீன். மங்கலான ஊதா கலந்த நீலம், அதில் வெள்ளைப் புள்ளிகள், கவசம் மாதிரிச் செதில், கைகால் போலச் சதைத் தண்டில் நிற்கும் நாலு செட்டை, வாலின் நடுவே இன்னொரு குட்டி வால். நிறை 127 இறாத்தல், ஏறக்குறைய 57.5 கிலோ. மணத்துக்காக ரக்சிக்காரர் ஏற்ற மறுத்து, பிறகு சம்மதித்தார். நூதனசாலைச் சபைத் தலைவர் பார்த்துவிட்டு இது வெறும் பாறைக் கலவாய் என்றார். பிரேத அறையில் இடம் கேட்டார், இல்லை என்றார்கள். குளிர்க் களஞ்சியத்திலும் அதே மறுமொழி. கடைசியில் கைவண்டியில் வைத்து, பாடம் பண்ணுகிற ஒருவரிடம் கொண்டு போனார். உடல் அழுகாமல் காக்கும் திரவமான போமலின் கிடைத்தது ஒரு லீற்றர் அளவுதான். கடதாசியையும் சீலையையும் அதில் நனைத்து மீனைச் சுற்றினார்கள்.

இப்போது ஒரு கணக்குப் போட்டுப் பார். 57 கிலோ மீன் ஏறக்குறைய 57 லீற்றர் இடம் பிடிக்கும். மீனைப் போல மூன்று மடங்கு திரவம் என்று குறைந்தபட்சம் எடுத்தாலும் 170 லீற்றர். அதில் பத்தில் ஒரு பங்கு சந்தைப் போமலின், அதாவது 17 லீற்றர். அவரிடம் இருந்தது ஒன்று. மேலும், போமலின் வெளியிலிருந்து உள்ளே போவது மிக மெதுவு, ஒரு நாளில் சில மில்லிமீற்றர். அதற்குள் குடலின் சமிபாட்டு நொதியமும் பற்றீரியாவும் உள்ளிருந்து வேலையைத் தொடங்கிவிடும். வெளியே சுற்றிய சீலை தோலைக் காப்பாற்றியது. உள்ளே அழுகியது. உன் போத்தல் மீன்களின் வயிறு வெடித்ததற்கும் இதே காரணம்தான். வயிற்றுக்குள் போமலின் போக யாரும் வழி விடவில்லை.

அடுத்த நாள், 23ஆம் திகதி, கிரஹாம்ஸ்டவுனில் இருந்த மீன் ஆய்வாளர் ஜே. எல். பி. ஸ்மித்துக்குக் கடிதமும் கையால் வரைந்த படமும் அனுப்பினார். ஸ்மித் விடுமுறையில் நைஸ்னாவில் இருந்தார். கடிதம் அவர் கைக்குப் போனது 1939 ஜனவரி 3. எலும்பையும் செவுளையும் காப்பாற்றுங்கள் என்று உடனே தந்தி அடித்தார். அதற்கு முந்தியே மீன் உரிக்கப்பட்டு, குடலும் செவுளும் குப்பைக்குப் போய்விட்டன. தேடியும் கிடைக்கவில்லை. எடுத்த புகைப்படச் சுருளும் பழுதாகிவிட்டது. மிஞ்சியவை தோல், செதில், செட்டை, தலையோடு, பிறகு அந்தப் படம். ஸ்மித் பெப்ரவரி 16இல் நேரே வந்து பார்த்து, சந்தேகமில்லை என்றார். மார்ச்சில் 'நேச்சர்' இதழில் அறிவித்தார். ஏறக்குறைய 66 மில்லியன் வருசத்துக்கு முந்தி டைனோசர்களோடு அழிந்துபோனது என்று நம்பியிருந்த சீலகாந்த் கூட்டத்து மீன். பெயர் லற்றிமேரியா சலும்னே. முதற்பெயர் மார்ஜரிக்கு, இரண்டாவது சலும்னா ஆற்று முகத்துக்கு.

அந்த இரண்டாவது பெயரைக் கவனி. எந்தக் கடலில், எந்த ஆற்று முகத்துக்கு வெளியே, எத்தனை பாகம் ஆழத்தில் (ஏறக்குறைய 40 பாகம், ஒரு பாகம் ஆறடி) வலை இழுத்தேன் என்று கூசன் சொல்லாவிட்டால் அந்தப் பெயரே வந்திருக்காது. எங்கே பிடித்தது என்று தெரியாத மீன் வெறும் அலங்காரம். உன் அலுமாரியில் 'மீன், மன்னார்' என்று மட்டும் எழுதியிருக்கும் போத்தல்களை நீ எறிய வேண்டாம், பிள்ளைகளுக்குக் காட்ட உதவும். ஆனால் பதிவேட்டில் தனியாக எழுது.

இனி உன் வேலை. ஒரு மீன் வந்தால் இந்த ஒழுங்கில் செய், ஒழுங்கு மாறினால் பிறகு திருத்த முடியாது.

வாடியிலிருந்து அறைக்கு வரும்வரை ஐசில் இருக்க வேண்டும். மீனின் நிறைக்குச் சமநிறை ஐஸ், ரெஜிபோம் பெட்டியில். மீனைப் பொலித்தீனில் சுற்றிப் போடு. ஐஸ் உருகிய நல்ல தண்ணீர் நேரே பட்டால் நிறம் வெளிறும். செதிலைச் சுரண்டாமல், வழுவழுப்பை மட்டும் மெல்லக் கழுவு. ஒரு ரெஜிபோம் பலகையில் இடப்பக்கம் மேலே இருக்க வைத்துச் செட்டைகளைக் குண்டூசியால் விரித்து, தூரிகையால் நீர்க்காத போமலினை அந்தச் செட்டைகளில் மட்டும் தடவு. சில நிமிசத்தில் விறைத்து, விரித்தபடி நிற்கும். பக்கத்தில் அடிமட்டம் வைத்துப் படம் எடு. நிறம் போமலினில் சில நாளில் போய்விடும், பிறகு யாராலும் மீட்க முடியாது. படம் எடுத்தாலும் கையால் வரை. மூக்கு நுனியிலிருந்து வால் தண்டு முடியும் இடம்வரை ஒரு அளவு, வால் நுனிவரை இன்னொன்று, உடம்பு உயரம், செட்டை முள்ளின் எண்ணிக்கை. ஸ்மித்துக்கு அந்த மீனை அடையாளம் காட்டியது மார்ஜரி கையால் வரைந்த படம்.

பிறகு, போமலின் படாத இடத்தில், வலப்பக்கத்திலிருந்து கடலைப் பருப்பளவு தசை வெட்டி, 95 வீத எதனோல் (மதுசாரம்) உள்ள சின்னப் போத்தலில் போடு. போமலின் மரபணுவைச் சிதைக்கும். இந்தத் துண்டை மறந்துவிட்டுப் பின்னர் வருந்துகிறவர்கள் நிறையப் பேர்.

போமலின் கரைசல்: சந்தையில் கிடைப்பது போமல்டிகைட் வாயுவின் ஏறக்குறைய 37 வீதக் கரைசல். அதில் ஒரு பங்குக்குத் தண்ணீர் ஒன்பது பங்கு. வெறுமனே விட்டால் நாளாக அமிலமாகும். அமிலம் எலும்பின் கல்சியத்தைக் கரைக்கும், மீன் றப்பர் மாதிரி வளையும், பழுப்பேறும். அதனால், அமிலமாகாமல் தடுக்க, ஆய்வுகூடக் கடையில் 'சோடியம் பொஸ்பேற்று தாங்கல்' என்று கேள். கிடைக்காவிட்டால் நாட்டு மருந்துக் கடை வெங்காரம், லீற்றருக்கு ஒரு தேக்கரண்டி. வெங்காரம் போட்டதில் மாதக் கணக்கில் விடாதே, சதை கண்ணாடி மாதிரித் தெளிந்துவிடும்.

ஒரு சாணுக்கு மேற்பட்ட மீனானால், வலப்பக்க வயிற்றில் ஒரு கீறல், குடலில் படாமல். அல்லது ஊசியால் வயிற்றுக்குள்ளும், முதுகுத் தசையில் மூன்று விரற்கடைக்கு ஒரு இடமும், செவுள் மூடியின் உள்ளும் ஏற்று. செவுளை நாங்கள் சந்தையில் பூ என்போம், முதலில் கெடுவது அந்தப் பூத்தான். இடப்பக்கத்தில் கத்தி படக்கூடாது, உலகம் முழுக்க மீனை இடப்பக்கமாகத்தான் பார்ப்பார்கள். தட்டையான தட்டில் நேராகக் கிடத்து. வளைத்துப் போட்டால் வளைந்தபடியே விறைக்கும். விரல் நீள மீனுக்கு மூன்று நாலு நாள், ஒரு முழ மீனுக்கு இரண்டு மூன்று கிழமை. பிறகு இரண்டு மூன்று நாள் தண்ணீரில், நாலைந்து தரம் மாற்றி. அதன் பின் 70 வீத எதனோல்: 95 வீதத்தில் 70 பங்கு, தண்ணீர் 25 பங்கு. எதனோலுக்கு அனுமதி வேண்டியிருக்கும், இப்போதே விண்ணப்பி. மெதிலேற்றட் ஸ்பிரிட்டை நம்பாதே, தண்ணீர் சேர்த்ததும் சிலது பால் மாதிரிக் கலங்கும்.

போத்தலில் தலை கீழாக, வால் மேலாக வை. வால் முறியாது. மூடி பிளாஸ்ரிக்காக இருக்கட்டும், தகர மூடி துருப்பிடித்துத் திரவத்தைச் சிவப்பாக்கும். மன்னார் வெக்கையில் எதனோல் தண்ணீரை முந்தி ஆவியாகும். நீ 70 வீதமே மேலும் மேலும் ஊற்றினாலும் உள்ளே வீதம் இறங்கிக்கொண்டே போகும். ஆறு மாதத்துக்கு ஒருக்கால், வீதம் அளக்கும் எதனோல்மானி விட்டுப் பார். 60க்குக் கீழே போயிருந்தால் முழுக்க மாற்று.

கடலட்டை, சங்கு, நட்சத்திர மீன் எதையும் போமலினில் போடாதே. அவற்றின் உடலில் உள்ள சுண்ணாம்பைக் கொண்டுதான் இனம் காண்பார்கள், அமிலம் அதைத் தின்றுவிடும். நேரே எதனோல்தான். கடலட்டையை முதலில் கடல் தண்ணீரில் எப்சம் உப்புக் கலந்து மயக்கு, இல்லாவிட்டால் குடலைக் கக்கிவிடும்.

பெயர்ச் சீட்டு போத்தலுக்கு உள்ளே, மீனோடு இருக்க வேண்டும். வெளியே ஒட்டினால் ஒரு மாரி தாங்காது. போல்பொயின்ற் மை எதனோலில் கரைந்து போகும், பென்சில் கரையாது. கொப்பித் தாள் கூழாகும், பருத்தியில் செய்த தடித்த தாள் வாங்கு. எண், ஊரும் கரையிலிருந்து தூரமும், பாகம், வலை வகை, திகதி, பிடித்தவரின் பெயர். அந்தப் பெயரை ஒருநாளும் விடாதே. கூசனின் பெயர் இன்றும் எழுதப்படுகிறது. அதே எண்ணை ஒரு துண்டில் எழுதி, வாய்க்குள்ளால் விட்டு வலப்பக்கச் செவுளால் எடுத்துப் பருத்தி நூலால் கட்டு.

போமலினோடு விளையாடாதே, பிள்ளை. அது புற்றுநோய் உண்டாக்கும் என்று உறுதியாக வகைப்படுத்தப்பட்ட பொருள். அறைக்குள் கலக்காதே. தாழ்வாரத்தில், காற்று உன் முதுகுப் பக்கமிருந்து வர நின்று, கையுறையும் கண்ணாடியும் போட்டுக் கல. பாவித்ததை நிலத்தில் ஊற்றாதே. அங்கே மணல் நிலம், கிணறு ஆழமில்லை. கானில் சேர்த்து வைத்துப் பல்கலைக்கழக ஆய்வுகூடத்திடம் ஒப்படை.

இவ்வளவுக்கும் முந்தி செய்ய வேண்டியது ஒன்று. பேசாலைக்கும் தாழ்வுபாட்டுக்கும் வங்காலைக்கும் போ. வாடிகளில் இருந்து கதை. போகும்போது ஏதாவது கேட்டுக்கொண்டு போகாதே, முதல் சில தரம் சும்மா போ. பிறகு ஒரு தாள் கொடு. ஸ்மித் இரண்டாவது மீனுக்காக அப்படித்தான் செய்தார். மீனின் படம் போட்டு, வெட்டாதே, கழுவாதே, முழுசாகக் குளிரில் வை என்று ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் போர்த்துக்கீசிலும் அச்சிட்டு, 100 பவுண் பரிசும் அறிவித்துக் கரையோரம் முழுக்கப் பரப்பினார். 1952 டிசம்பரில் கொமோரோ தீவுகளில் அந்தத் தாளால்தான் அடுத்த மீன் வந்தது. பதினாலு வருசம். உன் தாளில் பரிசு வேண்டாம், ஐஸ் காசையும் மீன் விலையையும் நாங்கள் தருவோம் என்று எழுது. ஏலத்துக்குப் போக வேண்டிய மீனைச் சும்மா கேட்பது சரியில்லை. ஆவுளியாவும் ஆமையும் பட்டால் எங்களிடம் கொண்டு வர வேண்டாம், உயிரென்றால் விட்டுவிடுங்கள், செத்ததென்றால் வனசீவராசிகள் திணைக்களத்துக்கு அறிவியுங்கள் என்பதையும் பெரிய எழுத்தில் போடு. ஐஸ் கொம்பனிக்காரரிடம் முதலே கதைத்து ஒரு பெரிய மீனுக்கு இடம் உறுதிப்படுத்து. மார்ஜரிக்குக் கிடைக்காதது அந்த ஒரு கதவுதான்.

உன் இரண்டாவது கேள்வி. அவர் 1973 வரை, நாற்பது வருசத்துக்கு மேல், அந்த நூதனசாலையிலேயே இருந்து அதன் பணிப்பாளராக ஓய்வு பெற்றார். பட்டம் இல்லாதவருக்கு றோட்ஸ் பல்கலைக்கழகம் கௌரவக் கலாநிதிப் பட்டம் கொடுத்தது. பிறகு காட்டுப் பூக்களைப் பற்றி எழுதினார். 2000இல் தென்னாபிரிக்கக் கரையில், நூறு மீற்றருக்குச் சற்றுக் கீழே, சுழியோடிகள் உயிருள்ள சீலகாந்துகளைக் கண்டபோது அவருக்கு 93 வயது. 2004இல் காலமானார். அவர் மீட்ட மீன் இன்றும் ஈஸ்ட் லண்டனில் இருக்கிறது. விஞ்ஞானியா என்று கேட்டாயே. ஆயிரம் மீனுக்குள் ஒன்று வேறு என்று கண்டு, எல்லோரும் இல்லை என்ற பிறகும் விடாமல், அளந்து, வரைந்து, தெரிந்தவருக்கு அடுத்த நாளே எழுதினவரை நான் வேறு எந்தச் சொல்லால் சொல்வது? இரண்டு வேலையும் அவருக்கு ஒரே வேலைதான்.

உன் அலுமாரித் தட்டுகளின் உயரத்தையும், உள்ளே எத்தனை போத்தல் என்பதையும் அளந்து அனுப்பு. வெங்காரம் அரைக் கிலோ வாங்கி வைத்திருக்கிறேன், பருத்தித் தாள் கொழும்பிலிருந்து வர வேண்டும். இரண்டையும் உன் தம்பி அடுத்த கிழமை வவுனியா வரும்போது தருவான். அவனிடம் ஒடியல் மாவும் கொடுத்துவிடுகிறேன். நேரத்துக்குச் சாப்பிடு.

அன்புடன்
அம்மா